பகீரத: ஈறு கெட்டு நிற்கும் ஒரு சொல்



என் அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அம்மாவின் அப்பா எங்கள் ஊர் ஏரிக்கு நீர்க்கட்டியாக இருந்தவர். மதகு திறப்பதும், முறை வைத்து ஒவ்வொரு வயலுக்கும் தண்ணீர் விடுவதும், ராத்திரியில் யாராவது மடையை மாற்றி வெட்டியிருக்கிறார்களா என்று கரைமேல் நடந்து பார்ப்பதும் அவர் வேலை. அதற்குக் கூலி, அறுவடையில் களத்துமேட்டில் அளந்து போடும் நெல். ஏரியில் தண்ணீர் குறைந்த ஆண்டுகளில் மேல்மடைக்காரருக்குப் பாய்ந்ததுபோகக் கடைமடைக்கு ஒன்றும் மிஞ்சாது. அப்படி ஓர் ஆண்டில் ஏழெட்டு நாள் ஆள் மாற்றி ஆள் கையைப் பிடித்துக் கெஞ்சி, வாய்க்காலில் மண்டிக் கிடந்த நெய்வேலிக் காட்டாமணக்கைத் தானே இறங்கி அறுத்துப் போட்டு, கடைசி வயலுக்குத் தண்ணீரைக் கொண்டுவந்து சேர்த்தார். அந்த வயல் அவருடையது இல்லை. அன்று முழங்கால் வரை சேறோடு அவர் திண்ணையில் வந்து உட்கார்ந்ததை அம்மா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். "பகீரதப் பிரத்தனம் பண்ணி எங்கப்பா கடைமடைக்குத் தண்ணி கொண்டாந்தாரு" என்பார். 'பிரயத்தனம்' என்ற சொல்லின் நடுவெழுத்து அம்மா வாயில் ஒருநாளும் நின்றதில்லை. ஆனால் சொல்லின் பொருள் அவரிடம் பழுதில்லாமல் இருந்தது. பிறகு நான் கல்லூரியில் தமிழ் படித்தேன், முப்பது ஆண்டு பாடம் நடத்தினேன். அம்மா சொன்ன அந்தப் பொருளைவிடச் சரியான ஒன்றை எந்த வகுப்பிலும் நான் கண்டதில்லை. இன்றைய பேச்சு முழுவதும் அந்தத் திண்ணையைப் பற்றியதுதான்.

இப்போது இந்தச் சொல் எப்படிப் புழங்குகிறது? புழக்கமே அருகிவிட்டது என்பது முதல் செய்தி. எங்காவது தென்பட்டாலும், பகீரதப் பிரயத்தனம் செய்து தீபாவளிக்கு டிக்கெட் எடுத்தோம் என்கிறார்கள். பகீரதப் பிரயத்தனம் செய்து ஒரு நடிகர் உடல் எடையைக் குறைத்தார் என்று எழுதுகிறார்கள். இந்த வல்லம் வடகாலில் ஒரு தொழிற்சாலையில் பயிற்சிக்குச் சேர்ந்திருக்கும் என் பழைய மாணவர் ஒருவர், 'பகீர் என்றிருந்தது' என்கிறோமே, அதிலிருந்து வந்த சொல் என்று இத்தனை நாள் நினைத்திருந்ததாகச் சொன்னார். அவர்மேல் தவறில்லை. கதை கைமாறாமல் சொல் மட்டும் கைமாறினால் கேட்பவர் காதில் விழும் ஒலியைத்தானே பிடித்துக்கொள்வார்?

கொஞ்சம் இலக்கணம் பார்த்துவிடுவோம். 'பகீரத' தனித்து நிற்காது. பின்னால் ஒரு பெயர் வேண்டும். பகீரதன் என்ற ஆளின் பெயரில் ஈற்றிலிருக்கும் னகரமெய் கெட்டு, மிச்சம் நிற்பது அடையாகிறது. உயர்திணைப் பெயர் சில புணரும்போது இப்படி விகாரப்படும் என்று நன்னூல் சொல்கிறது. உரைகாரர்கள் அதற்குக் காட்டும் உதாரணங்களில் ஒன்று நமக்குப் பக்கத்து ஊர்க் கோயில்: காஞ்சிபுரம் குமரக்கோட்டம். குமரன், கோட்டம் இரண்டும் சேரும்போது னகரம் போய்விட்டது. அந்தச் சொல்லைக் குமரகோட்டம், குமரக்கோட்டம் என்று இரண்டு விதமாகவும் காட்டுவார்கள். ஆகவே பகீரத பிரயத்தனம் என்று எழுதுகிறவரோடு நான் சண்டை போடமாட்டேன். பகீரதப் பிரயத்தனம் என்று வல்லினம் மிகுந்து வருவதே என் காதுக்குப் பழக்கம்.

வடமொழி வழி வேறு. அங்கே முதலெழுத்து திரிந்து புதுச்சொல் பிறக்கும். சிவனிலிருந்து சைவம், சகரனிலிருந்து சாகரம், பகீரதனிலிருந்து பாகீரதி. கங்கோத்ரி பக்கம் பனியாற்றில் பிறந்து, தேவப்பிரயாகையில் அலக்நந்தாவோடு கூடிக் கங்கை என்று பெயர் பெறும் ஆறுதான் பாகீரதி. அவன் பெயரின் முதலெழுத்து நீண்டால் ஓர் ஆறு, ஈற்றெழுத்து கெட்டால் ஓர் உழைப்பு. இப்படி அமைந்த வேறொரு பெயரை நான் அறியேன்.

கதையிலிருந்து வந்த அடைகள் நம்மிடம் வேறும் உண்டு. கும்பகர்ணத் தூக்கம், திரிசங்கு சொர்க்கம், நாரத கலகம். அவையெல்லாம் ஓர் ஆளின் இயல்பையோ அவன் மாட்டிக்கொண்ட நிலையையோ சொல்லி நின்றுவிடும். 'பகீரத' ஒரு வேலையைச் சொல்கிறது. என்ன வேலை, யாருடைய வேலை என்பதில்தான் பொருள் இருக்கிறது.

வால்மீகி இராமாயணத்தின் பாலகாண்டத்தில் விசுவாமித்திரர் இராமனுக்கு இந்தக் கதையைச் சொல்கிறார். சகரன் என்ற அயோத்தி அரசன் அசுவமேதம் செய்கிறான். குதிரை காணாமல் போகிறது. அவனுடைய அறுபதாயிரம் பிள்ளைகள் பூமியைத் தோண்டிக்கொண்டே போய்ப் பாதாளத்தில் கபில முனிவர் பக்கத்தில் குதிரை மேய்வதைக் கண்டு, அவரைத் திருடன் என்று ஏசுகிறார்கள். அவர் சினத்தில் அத்தனை பேரும் சாம்பலாகிறார்கள். கங்கை நீர் பட்டால்தான் அவர்களுக்குக் கதி. சகரன் வழி தெரியாமலே இறக்கிறான். அவன் பேரன் அஞ்சுமான் நாட்டை மகனிடம் விட்டு இமயத்தில் தவம் கிடந்து, காரியம் கைகூடாமல் போய்ச் சேர்கிறான். அஞ்சுமானின் மகன் திலீபன் இதையே நினைத்து ஏங்கி நோயில் விழுந்து மாள்கிறான். அவனுக்கு அடுத்து வருகிறவன் பகீரதன்.

கவனியுங்கள், இந்த வேலையை அவன் தொடங்கவில்லை. மூன்று பேர் தோற்றுப் போட்டுவிட்டுப் போன வேலை அவன் தலையில் விழுந்தது. செத்தவர்கள் அவன் முகம் பார்த்தவர்களும் இல்லை, கொள்ளுத்தாத்தாவின் தம்பிமார். அவர்கள் செய்ததும் பெருந்தவறு. அப்படிப்பட்டவர்களுக்காக அவன் கோகர்ணத்தில் தவம் செய்கிறான். பிரமன் வந்து, கங்கையை அனுப்பலாம், விழுகிற வேகத்தைத் தாங்க ஆள் வேண்டுமே, சிவனைக் கேள் என்கிறார். கால்விரல் நுனியில் நின்று சிவனை வேண்டுகிறான். அவர் தாங்குகிறார், ஆனால் நதி சடைக்குள் சிக்கிக்கொள்கிறது. மறுபடி வேண்டுகிறான். சடையிலிருந்து விடுபட்ட ஆறு ஜஹ்நு முனிவரின் வேள்விச்சாலையை அடித்துப்போக, அவர் ஆற்றையே குடித்துவிடுகிறார். மறுபடி வேண்டுதல். அவர் காது வழியே ஆறு வெளிவருகிறது. அதோடும் முடியவில்லை. பகீரதன் தேரில் முன்னே போக, ஆறு பின்னால் வருகிறது. கடலைத் தொட்டுப் பாதாளத்தில் இறங்கி, அந்தச் சாம்பல்மேட்டை நீர் நனைத்த பிறகுதான் அவன் வேலை தீர்கிறது. ஆற்றைப் பூமிக்கு இறக்கியதோடு நின்றிருந்தால் அவன் பெயர் அடையாகியிருக்காது என்பது என் எண்ணம். கடைமடை வரை கூடவே போனானே, அதுதான் பகீரதம்.

இதை ஆங்கிலத்தில் சொல்லவேண்டி வந்தால் பலரும் ஹெர்குலிஸ் பெயரைத் துணைக்கு அழைக்கிறார்கள். அது பொருந்தாது. ஹெர்குலிஸும் ஆற்றைத் திருப்பியவன்தான். ஆஜியஸ் மன்னனின் தொழுவத்தில் ஆண்டுக்கணக்கில் குவிந்த சாணத்தை, ஆல்ஃபியஸ், பெனியஸ் என்ற இரண்டு ஆறுகளைத் திருப்பிவிட்டு ஒரே நாளில் கழுவினான். மந்தையில் பத்தில் ஒரு பங்கு கூலியும் பேசியிருந்தான். அது தோள்வலிமையின் கதை. இங்கே தோளுக்கு வேலையே இல்லை. கேட்பதும், காத்திருப்பதும், மறுபடி கேட்பதும்தான் வேலை.

தோளுக்கும் தவத்துக்கும் உள்ள இந்த வேறுபாட்டை நம் சோழர் நன்றாக அறிந்திருந்தார்கள். திருவள்ளூர் மாவட்டத்துத் திருவாலங்காட்டில் கிடைத்த செப்பேடுகள், இராசேந்திர சோழன் தவத்தால் கங்கையைக் கொணர்ந்த பகீரதனைப் பார்த்து நகைத்து, தன் தோள்வலியால் அந்த நீரைத் தன் நாட்டுக்குக் கொண்டுவர நினைத்தான் என்று புகழ்கின்றன. புகழ்ச்சி புலவருடையது. ஆனால் பகீரதனைத் தாண்டினான் என்று சொன்னால்தான் பேரரசனுக்கே பெருமை என்றிருந்த காலம் அது.

இன்னொரு சான்று கல்லில் இருக்கிறது. மாமல்லபுரத்தில் ஏறத்தாழ முப்பது மீட்டர் நீளப் பாறையில் பல்லவர் செதுக்கிய பெருஞ்சிற்பத்தை அர்ச்சுனன் தபசு என்று சொல்லிப் பழகிவிட்டோம். 1914-இல் விக்டர் கோலுபேவ் என்ற அறிஞர், அது கங்கை இறங்கும் காட்சி, தவம் செய்பவன் பகீரதன் என்று வாதிட்டார். வழக்கு இன்னும் தீரவில்லை. நான் பகீரதன் பக்கம். பாறையை இரண்டாகப் பிளக்கும் இடுக்கில் நாகர்கள் கைகூப்பி மேலேறி வருகிறார்கள். மேலே நீர் தேக்கிவைத்து அந்த இடுக்கு வழியே வழியவிட்டதற்கான தடயமும் உண்டு. நீர் விழவேண்டிய இடத்தில் யார் நிற்பான்? ஒருமுறை பக்கத்தில் போய் அந்தத் தவசியைப் பாருங்கள். ஒற்றைக் காலில் நிற்கிறான், இரண்டு கையும் தலைக்கு மேலே, விலாவெலும்பு எண்ணும்படி தெரிகிறது. பிறகு கண்ணைக் கீழே இறக்கினால் ஒரு பூனை. அதுவும் தவக்கோலத்தில், அதுவும் கையை உயர்த்தி. காலடியில் எலிகள். நிற்கும் நிலையில் இரண்டுக்கும் வித்தியாசம் இல்லை. வயிறுதான் வித்தியாசம். அந்தச் சிற்பி 'பகீரத' என்ற அடைக்கு அகராதியே எழுதிவிட்டான் என்று எனக்குத் தோன்றும். சிரமத்தின் அளவை வைத்து இந்தச் சொல்லைச் சூட்டக் கூடாது. யாருக்காகச் சிரமம் என்பதை வைத்துச் சூட்டவேண்டும்.

அப்படியானால் நம் காலத்துக்கு நெருக்கத்தில் இந்தச் சொல்லை எதற்குச் சூட்டலாம்? தயங்காமல் முல்லைப் பெரியாற்றைச் சொல்வேன். மேற்கே ஓடிக் கடலில் கலக்கும் பெரியாற்றை மறித்து, மலையைக் குடைந்து, கிழக்கே வைகைக்குத் திருப்பவேண்டும் என்ற எண்ணம் 1789-இல் இராமநாதபுரம் சேதுபதியின் பிரதானி முத்திருளப்பப் பிள்ளைக்கு வந்தது. செலவுக்கு வழியில்லாமல் விட்டுவிட்டார். அவர்தான் இந்தக் கதையின் சகரன். 1808-இல் கேப்டன் கால்டுவெல் என்ற பொறியாளர் மலையேறிப் பார்த்து, நடக்காத காரியம் என்று எழுதினார். அவர் பயன்படுத்திய சொல்லைச் சொல்லியே ஆகவேண்டும்: கைமெரிக்கல். கைமெரா என்பது கிரேக்கக் கதையில் வரும் விலங்கு. முன்னால் சிங்கம், நடுவில் ஆடு, வாலில் பாம்பு, வாயில் நெருப்பு. அந்தப் பெயரிலிருந்து பிறந்த அடை, இல்லாததைக் கற்பனை செய்வது என்ற பொருளைத் தரும். நாம் முயற்கொம்பு என்போம், ஆகாயத் தாமரை என்போம். வைகை வறண்ட நாட்டின் கனவு, கதையில் பிறந்த ஒற்றை அடைச்சொல்லால் கோப்புக்குள் மூடப்பட்டது.

1850-இல் மண்ணணை ஒன்று தொடங்கி, காட்டில் காய்ச்சலும் கூலிப் பிரச்சினையுமாகக் கைவிட்டார்கள். 1867-இல் ரைவ்ஸ் என்ற பொறியாளர் இன்னொரு திட்டம் கொடுத்தார். அதுவும் நிற்கவில்லை. பிறகுதான் ஜான் பென்னிகுயிக் என்ற பொறியாளர் வந்தார். 1886-இல் திருவிதாங்கூரோடு ஒப்பந்தம், 1887-இல் வேலை தொடக்கம், 1895-இல் தண்ணீர் கிழக்கே இறங்கியது. இடையில் வெள்ளம் வேலையை அடித்துப் போனதுண்டு, மலேரியாவும் காலராவும் வேலையாட்களை வாரிப்போனதுண்டு. தேக்கடிப் பக்கம் அவர்களில் சிலருக்குக் கல்லறை இருக்கிறது, பெரும்பாலோருக்கு அதுவும் இல்லை. முத்திருளப்பப் பிள்ளை நினைத்ததிலிருந்து தண்ணீர் வந்தது வரை 106 ஆண்டு. கம்பம் பள்ளத்தாக்கில் பென்னிகுயிக் படம் மாட்டாத டீக்கடை அரிது. தைமாதம் அவருக்குப் பொங்கல் வைக்கிறார்கள். 2013-இல் லோயர் கேம்பில் மணிமண்டபமும் எழுந்தது. கைமெரிக்கல் என்ற சொல்லுக்கு அந்த மக்கள் பகீரத என்ற சொல்லால் பதில் சொல்லிவிட்டார்கள். பென்னிகுயிக்கை மட்டும் பகீரதன் என்பதில் எனக்குப் பாதி உடன்பாடுதான். கதையில் பகீரதனுக்கு முன் மூன்று பெயர்கள் தவறாமல் சொல்லப்படுகின்றன. நாமும் முத்திருளப்பப் பிள்ளையைச் சொல்லிவிட்டுத்தான் பென்னிகுயிக்கைச் சொல்லவேண்டும். தெலங்கானாவில் 2016-இல் வீட்டுக்கு வீடு குழாய் நீர் தரும் திட்டம் மிஷன் பகீரதா என்ற பெயரில் தொடங்கப்பட்டபோது மகிழ்ந்தேன். அண்டைவீட்டுத் தெலுங்கில் இந்தச் சொல் இன்னும் தண்ணீரை விட்டு விலகவில்லை.

தண்ணீர் இல்லாத பகீரதமும் உண்டு. இங்கிருந்து சற்றுத் தொலைவில் ஸ்ரீபெரும்புதூர். அங்கே பிறந்த இராமானுசர் ஒரு மந்திரத்தின் பொருள் கேட்டுத் திருக்கோட்டியூருக்குப் பதினெட்டு முறை நடந்தார் என்கிறது குருபரம்பரை. கேட்டு வந்ததைத் தனக்கு வைத்துக்கொள்ளாமல், தான் நரகம் போனாலும் போகட்டும் என்று எல்லாரையும் கூட்டிச் சொல்லிவிட்டார். பதினெட்டு முறை நடந்தது பிரயத்தனம். கூட்டிவைத்துச் சொன்னதால்தான் அது பகீரதப் பிரயத்தனம்.

இனி இந்த வல்லம் வடகால் ஊருக்கு வருகிறேன். இந்தப் பேச்சை இங்கே வைத்துக்கொள்ள நான் ஆசைப்பட்டதற்குக் காரணம் உண்டு. சிங்கப்பெருமாள்கோவில் சாலையில் சில கிலோமீட்டர் தள்ளி வல்லக்கோட்டை முருகன் கோயில். அருணகிரிநாதர் கோடைநகர் என்று பாடியது அந்தத் தலத்தைத்தான். ஏழடி உயரத்தில் நிற்கும் அந்த முருகனை அந்த ஊருக்கு அறிமுகப்படுத்தியவன் யார் என்று தலபுராணத்தைக் கேளுங்கள். பகீரதன்! இலஞ்சி நாட்டு அரசன் அவன். நாரதரை மதிக்கத் தவறி, கோரன் என்ற அசுரனிடம் நாட்டை இழந்து, காட்டில் அலைந்து, துர்வாசர் சொற்படி அங்கே வந்து பாதிரி மரத்தடியில் முருகனைக் கண்டு வழிபட்டு, இழந்ததை மீண்டும் பெற்றான் என்கிறது கதை. கங்கையைக் கொணர்ந்தவன்தான் இவனா? கதை வேறு, நாடு வேறு. ஆனால் இலஞ்சி என்ற சொல்லுக்கு நிகண்டுகள் தரும் பொருள் குளம், நீர்நிலை. ஏரியை நம்பியே வாழ்ந்த இந்தத் தொண்டை மண்டலத்தார், தங்கள் முருகனைத் தேடிவந்த அரசனுக்குப் பெயர் வைக்கும்போது நீர் கொண்டுவந்தவனின் பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள். இது என் ஊகம். ஊகமென்றாலும் விட மனமில்லாத ஊகம்.

உங்கள் ஊர்ப்பெயரையும் பாருங்கள். வடகால். கால் என்றால் வாய்க்கால். வரத்துக்கால், மதகுக்கால் என்கிறோம். வல்லத்தின் வடக்கு வாய்க்கால் என்றுதான் என் காதில் இந்தப் பெயர் விழுகிறது. இதே வட்டாரத்து உத்திரமேரூரில் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகளில், 919, 921-ஆம் ஆண்டுகளில், ஏரி வாரியத்துக்குக் குடவோலையில் ஆள் எடுக்கும் முறை எழுதியிருக்கிறது. ஆயிரத்து நூறு ஆண்டுக்கு முன்பே, ஏரியைத் தூர்வாருவதும் கால்களைக் காப்பதும் தனியொருவர் வீரமாக இல்லாமல், தலைமுறை தலைமுறையாகக் கைமாறும் பொறுப்பாக இருந்தது.

அந்தக் கால்கள் ஓடிய நிலத்தில் இப்போது சிப்காட் தொழிற்பேட்டை இருக்கிறது. 2017-இல் ராயல் என்ஃபீல்டு ஆலை ஓடத் தொடங்கியது. 2024 ஆகஸ்டில், ஃபாக்ஸ்கான் தொழிலாளிப் பெண்கள் தங்க 18,720 படுக்கைகள் கொண்ட குடியிருப்பு இங்கே திறக்கப்பட்டது. பழைய ஊர் ஒன்றின் மக்கள்தொகைக்குப் பலமடங்கு. தருமபுரியிலிருந்தும் திருவண்ணாமலையிலிருந்தும் வெளிமாநிலங்களிலிருந்தும் வந்து, அப்பா வாங்கிய கடனை அடைக்கவும் தம்பி படிப்பை முடிக்கவும் நின்றபடியே ஷிப்ட் பார்க்கும் பெண்பிள்ளைகளை நான் இந்தச் சாலையில் தினம் பார்க்கிறேன். பெற்றவர்கள் தொடங்கி முடிக்க முடியாமல் விட்ட வேலை அது. சம்பளம் வந்த அன்றே ஊருக்குப் போய்ச் சேர்கிறது, கடைமடைக்குப் போவதுபோல. இந்த அடைச்சொல்லுக்கு அவர்களைவிட உரிமை உள்ளவர்கள் யார் என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் இந்தச் சொல்லை அவர்களிடம் யாரும் கொண்டுபோய்க் கொடுக்கவில்லை.

போன மாதக் கிருத்திகைக்கு வல்லக்கோட்டை போயிருந்தேன். கூட்டம் அதிகம். எனக்கு முன்னால் நான்கு பெண்கள், கழுத்தில் கம்பெனி அடையாள அட்டை, ஒருத்தி கையில் எலுமிச்சை விளக்கு. ஷேர் ஆட்டோவில் வந்திறங்கி நேராக வரிசையில் சேர்ந்துவிட்டார்கள் போலிருக்கிறது. வரிசை நகரவில்லை. அவர்களில் ஒரு பெண் தலவரலாற்றை வாய்விட்டு, எழுத்துக் கூட்டிப் படித்துக்கொண்டிருந்தாள். பகீரதன் என்ற இடத்தில் நின்றாள். பிறகு பக்கத்திலிருந்தவளைத் திரும்பிப் பார்த்துக் கேட்டாள்:

"ஏன்டி, எங்க ஆயா சொல்லுமே, பகீரதப் பிரத்தனம் பண்ணித்தான் உங்கம்மாவைக் கட்டிக் கொடுத்தேன்னு. அது இவருதானா?"

இவளுக்கும் அந்த நடுவெழுத்து நிற்கவில்லை. நான் ஒன்றும் சொல்லவில்லை. வரிசை நகர்ந்தது.